யாழ்ப்பாணத்து ‘ஆறுகள்’: கடல்நீரேரிகள் ஒன்றோடொன்று எவ்வாறு இணைகின்றன?

கேள்வியின் சாரம் இது: யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆறே இல்லை என்று பாடசாலையில் படித்தோம், ஆனால் தொண்டைமானாறு, உப்பாறு, வழுக்கையாறு என்று பெயர்கள் இருக்கின்றன. இவை என்ன? இவற்றுக்கும் ஆனையிறவு நீர்ப்பரப்புக்கும் தொடர்பு உண்டா? தொண்டைமானாற்றில் படகேறி அரியாலையில் இறங்க முடியுமா?

சுருக்கமான விடை முதலில். பாடசாலையில் படித்தது சரியே. மேட்டு நிலத்தில் ஊற்றெடுத்து ஆண்டு முழுவதும் கடலை நோக்கி ஓடும் ஆறு குடாநாட்டில் ஒன்றும் இல்லை. தொண்டைமானாறும் உப்பாறும் நிலத்துக்குள் நீண்டு நுழைந்த கடலின் கைகள். மழைக்காலத்தில் அவற்றின் நீர் கடலுக்கு வடிகிறது, கோடையில் கடல் அவற்றுக்குள் ஏறுகிறது. இரு திசையிலும் நீர் நகரும் ஒடுங்கிய நீர்ப்பரப்பைக் கரையில் வாழ்ந்தவர்கள் ஆறு என்று அழைத்தது இயல்பானதே. வழுக்கையாறு மட்டும் சற்று வேறு. தெல்லிப்பழை, அளவெட்டிப் பக்கத்து மழைநீரைச் சேர்த்துக்கொண்டு, கந்தரோடை, சண்டிலிப்பாய், வட்டுக்கோட்டை வழியாக அராலியில் கடல்நீரேரியை அடையும் இந்த நீரோடை உண்மையிலேயே மேட்டிலிருந்து பள்ளத்துக்கு ஓடுகிறது. ஆனால் மாரி முடிந்து சில வாரங்களில் அதுவும் வறண்டு, வயல்களுக்கு நடுவே புல் முளைத்த வாய்க்காலாகக் கிடக்கும்.

இனி விரிவாகச் சொல்கிறேன். இந்த நீர்ப்பரப்புகளின் அமைப்பை விளங்கிக்கொள்ள முதலில் அவை கிடக்கும் தரையை விளங்கிக்கொள்ள வேண்டும்.

குடாநாடு ஏறத்தாழ 1,000 சதுர கிலோமீற்றர் பரப்புடையது; அதன் பெரும்பகுதி கடல் மட்டத்திலிருந்து 10 மீற்றருக்குள் அடங்கிவிடும். அடித்தளம் மயோசீன் என்னும் பழைய புவியியல் காலத்துச் சுண்ணாம்புக்கல். இந்தக் கல் நீரில் மெல்லக் கரைவது. ஆகையால் அதற்குள் பிளவுகளும் குழிகளும் நிலக்கீழ்க் குகைகளும் உண்டாகியிருக்கின்றன. வலிகாமத்தின் செம்மண் தோட்டத்தில் பெய்யும் மழை மேற்பரப்பில் ஓடி ஆறாகச் சேர்வதற்கு முன்பே இந்தப் பிளவுகளுக்குள் இறங்கிவிடுகிறது. ஆறு இல்லாமைக்கு முதற்காரணம் இதுதான். ஆண்டு மழை 1,200 மில்லிமீற்றரைத் தாண்டும். அது குறைந்த மழை என்று சொல்ல முடியாது. ஆனால் அதன் பெரும்பகுதி ஐப்பசி, கார்த்திகை, மார்கழி ஆகிய மூன்று மாதங்களுக்குள் கொட்டித் தீர்ந்துவிடுகிறது. எஞ்சிய மாதங்களில் வெயிலும் காற்றும் நீரை உறிஞ்சுகின்றன. மழையாகக் கிடைப்பதைக் காட்டிலும் ஆவியாகப் போவது அதிகம் என்பதை இந்த விடை முழுவதிலும் நினைவில் வைத்திருக்க வேண்டும்.

குடாநாட்டின் நான்கு பழைய பிரிவுகளான வலிகாமம், வடமராட்சி, தென்மராட்சி, பச்சிலைப்பள்ளி என்பன வெறும் நிர்வாகக் கோடுகளால் பிரிந்தவை அல்ல. வரைபடத்தை எடுத்து நீரை மட்டும் நீல நிறத்தால் தீட்டிப் பாருங்கள். வலிகாமத்துக்கும் வடமராட்சிக்கும் நடுவே தொண்டைமானாறு. வலிகாமத்துக்கும் தென்மராட்சிக்கும் நடுவே உப்பாறு. வடமராட்சிக்கும் தென்மராட்சிக்கும் நடுவே மீண்டும் தொண்டைமானாற்றின் நீட்சி. பிரிவுகளின் எல்லைகளை வரைந்தது நீர்தான். நிலத்தையும் மக்களையும் இணைப்பதற்குப் பிற்காலத்தில் போடப்பட்ட பாலங்களும், நீரை நிரவிப் போட்ட வீதிகளான தாம்போதிகளும் இல்லாவிட்டால் வலிகாமம் ஏறத்தாழ ஒரு தனித்தீவு.

நீர்ப்பரப்புகளை மேற்கிலிருந்து தொடங்குகிறேன். எல்லாவற்றிலும் பெரியது யாழ்ப்பாணக் கடல்நீரேரி. 400 சதுர கிலோமீற்றருக்கு மேற்பட்டது. வடக்கே குடாநாடும், தெற்கே பூநகரி, கிளிநொச்சிப் பக்கத்துப் பெருநிலப்பரப்பும், மேற்கே தீவுகளும் சூழ, கிழக்கே ஆனையிறவு வரை இது நீள்கிறது. மேற்கு வாயில்கள் வழியாகப் பாக்கு நீரிணையோடு நேரடியாகத் தொடர்புடையதால், மற்றவற்றைப் போல் இது முற்றிலும் வற்றுவதோ நன்னீராவதோ இல்லை. கரையோர மக்கள் இதைப் பரவைக்கடல் என்பார்கள். பொருத்தமான சொல், ஆழமில்லாமல் பரந்து கிடப்பதே இதன் குணம். பல இடங்களில் ஓர் ஆள் நடந்து போகக்கூடிய ஆழமே இருக்கிறது. கடற்புற்களும் கரையோரக் கண்டலும் இந்த ஆழமின்மையால்தான் செழிக்கின்றன. இறாலும் நண்டும், திரளி, ஓரா ஆகிய மீன்களும் அங்கேதான் வளர்கின்றன.

இந்தப் பெரிய ஏரியின் வாயைக் காவல் காப்பதுதான் கடலை ஆள்வதற்கு வழி என்று ஐரோப்பியர் உணர்ந்திருந்தனர். ஊர்காவற்றுறைக்கும் காரைநகருக்கும் நடுவே நீருக்குள் நிற்கும் ஹம்மன்ஹீல் கோட்டை அதற்குச் சாட்சி. மறுமுனையில், குடாநாடு பெருநிலத்தோடு சேரும் கழுத்தில், ஆனையிறவு, பெஸ்கூட்டர், பைல் என்ற மூன்று சிறு கோட்டைகளை ஒல்லாந்தர் வரிசையாக வைத்திருந்தனர்.

பிற்காலத்தில் தீவுகளை இணைக்கப் போட்ட தாம்போதிகள், குறிப்பாகப் பண்ணையிலிருந்து மண்டைதீவு வழியாக வேலணைக்குச் செல்வதும், பொன்னாலையிலிருந்து காரைநகருக்குச் செல்வதும், மக்களின் வாழ்வை மாற்றின. அதே வேளை அவை நீரின் வழியையும் மாற்றின. அகன்ற திறப்பாக இருந்த இடத்தில் நீர் சில மதகுகளுக்குள்ளால் மட்டுமே போய்வர வேண்டியதாயிற்று. இப்பகுதியில் வற்றுக்கும் பெருக்குக்கும் உள்ள வேறுபாடு ஒரு மீற்றருக்கும் குறைவு. இவ்வளவு மெல்லிய விசையால் நகரும் நீருக்கு ஒவ்வொரு தடையும் பெரிய தடையே. தாம்போதிகளின் ஓரங்களில் சேறு படிந்து, நீர் தேங்கி, கோடையில் நாற்றமெடுப்பதை அவ்வழியால் போகிறவர்கள் அறிவார்கள்.

அடுத்தது ஆனையிறவு. யானைகள் பெருநிலத்திலிருந்து ஆழமற்ற நீரைக் கடந்து குடாநாட்டுக்குள் இறங்கிய, அல்லது இறக்கப்பட்ட, துறை என்பதை இடப்பெயரே சொல்கிறது. இன்று ஏ9 வீதியும் தொடருந்துப் பாதையும் போகும் தாம்போதிக்கு மேற்கே இருப்பது முன்பு சொன்ன பெரிய ஏரி. கிழக்கே இருப்பதை ஆனையிறவுக் கடல்நீரேரி அல்லது சுண்டிக்குளம் கடல்நீரேரி என்பார்கள். பரப்பு ஏறத்தாழ 77 சதுர கிலோமீற்றர். இரண்டும் இயற்கையில் ஒரே நீர்ப்பரப்பின் தொடர்ச்சியாக இருந்தவை. தாம்போதிதான் அவற்றைப் பிரித்தது.

கிழக்குப் பாதியின் தனிச்சிறப்பு, அதற்கு உண்மையான ஆறுகள் வந்து சேர்வது. வவுனியாப் பக்கத்தில் தொடங்கி, குடாநாட்டுக்குத் தெற்கேயுள்ள பெருநிலமான வன்னியின் ஊடாக வரும் கனகராயன் ஆறு, இரணைமடுக் குளத்தை நிரப்பிவிட்டு, மிஞ்சிய நீரை இங்கே கொண்டுவந்து கொட்டுகிறது. நெத்தலி ஆறு போன்ற சிறிய ஆறுகளும் இங்கேயே வந்து சேர்கின்றன. 900 சதுர கிலோமீற்றருக்கு மேற்பட்ட வன்னி நிலத்தின் மழை இந்த ஒரு தட்டையான பள்ளத்துக்குள் இறங்குகிறது என்பதைச் சிந்தித்தால், குடாநாட்டு நீர்த் திட்டங்கள் எல்லாம் ஏன் ஆனையிறவையே சுற்றிச் சுற்றி வந்தன என்பது விளங்கும்.

இந்த நீர் கடலுக்குப் போகும் வாய் சுண்டிக்குளத்தில் இருக்கிறது. அங்கே கடலுக்கும் ஏரிக்கும் நடுவே கிடப்பது ஒரு மணல் திடல் மட்டுமே. கோடையில் அலை மணலைக் குவித்து வாயை மூடிவிடும். மாரியில் வெள்ளம் உயர்ந்தால் திடல் உடைத்துக்கொள்ளும். இதிலிருந்து ஓர் அருமையான உண்மை வெளிப்படுகிறது. தாம்போதி போடப்படுவதற்கு முன், சுண்டிக்குளம் உடைத்திருந்த மாதங்களில், வங்கக் கடலிலிருந்து பாக்கு நீரிணை வரை இடையறாத நீர் இருந்தது. அதாவது யாழ்ப்பாணம் அந்த மாதங்களில் ஒரு தீவு. வாய் மூடிய மாதங்களில் அது மீண்டும் குடாநாடு. வரைபடத்தில் நிலையாகத் தோன்றும் ஒரு சொல் இங்கே பருவத்தைப் பொறுத்து மாறியிருக்கிறது.

கோடையில் ஆனையிறவுப் பக்கம் நீர் பின்வாங்கும்போது உப்புப் படிந்த வெள்ளைத் தரை வெளிப்படும். அங்கே உப்பளம் அமைந்தது தற்செயலன்று. ஆழமின்மை, கடும் வெயில், சோளகம் என்னும் தென்மேற்குக் காற்று ஆகிய மூன்றும் ஓரிடத்தில் கூடியதன் பயன் அது. சுண்டிக்குளம் 1938 முதல் பறவைகள் சரணாலயமாகவும் 2015 முதல் தேசியப் பூங்காவாகவும் இருக்கிறது. மாரியும் பனியும் கூடும் மாதங்களில் பூநாரைகள் கூட்டங்கூட்டமாக அந்தச் சேற்றில் இரை தேடுகின்றன.

இப்போது குடாநாட்டின் உள்ளே வருவோம். தொண்டைமானாறு என்று ஊர்ப்பெயராலும் வடமராட்சிக் கடல்நீரேரி என்று பொறியியலாளர் வழக்காலும் சொல்லப்படுவது ஏறத்தாழ 77 சதுர கிலோமீற்றர் பரப்புடையது. வடகரையில், செல்வச்சந்நிதி முருகன் கோயிலுக்கு அருகே, கடலைத் தொடும் அதன் வாய் ஒடுக்கமானது. அங்கிருந்து தெற்கே வந்து, வல்லை வெளியில் விரிந்து, பின்னர் தென்கிழக்காகத் திரும்பி, கப்பூது வெளியைக் கடந்து, வடமராட்சி கிழக்கின் மணல் மேடுகளுக்குப் பின்னால் முள்ளியான் பக்கம் வரை நீண்டு கிடக்கிறது. கிழக்கே வங்கக் கடல் மிக அருகில் இருந்தும், மணற்காடு, நாகர்கோவில், மருதங்கேணி, தாளையடி என்று நீளும் மணல் திட்டு இடையில் நிற்பதால், இந்த நீர் தன் அருகில் உள்ள கடலுக்குப் போக முடியாமல், பல மைல் சுற்றி வடக்கே உள்ள ஒரே வாயை அடைய வேண்டியிருக்கிறது.

பெயருக்குச் சொல்லப்படும் கதை, முதலாம் குலோத்துங்கனின் தளபதியாக இருந்த கருணாகரத் தொண்டைமான் இங்கே விளைந்த உப்பை ஏற்றிச் செல்ல மரக்கலங்கள் வந்து போகும்படி இந்த வாயை ஆழப்படுத்தினான் என்பது. வாய்வழிக் கதையை வரலாறாக நான் எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் கதை உப்பையும் வாய்க்காலையும் சேர்த்துச் சொல்வதைக் கவனியுங்கள்; இந்த நீரின் இயல்பு பற்றி நம் முன்னோர் மனத்தில் இருந்த நினைவு அதுதான்.

தொண்டைமானாற்றுப் பாலத்தில் தை மாதத்து விடியற்காலையில் நின்று பார்த்தால் இந்த விடயம் முழுவதையும் ஒரு பார்வையில் காணலாம். மதகுக்கு வடக்கே கடல்நீர் தெளிந்து, சற்றே பச்சையாக, அலையோடு ஏறி இறங்கும். தெற்கே, ஏரிப்பக்கம், மழையோடு வந்த மண்ணும் அழுகிய இலையும் கரைந்த பழுப்பு நீர் அசைவின்றிக் கிடக்கும். கதவின் இடுக்கால் ஒழுகும் மெல்லிய நீரோட்டத்தில் மீன் குஞ்சுகள் எதிர்நீச்சல் போடும். அதை அறிந்த கொக்குகள் கதவின் விளிம்பில் காத்து நிற்கும். வீச்சு வலையோடு வந்தவர்கள் சற்றுத் தள்ளி, இடுப்பளவு நீரில் காத்து நிற்பார்கள். இரு பக்கத்து நீரையும் கையால் அள்ளி நாக்கில் வைத்துப் பார்த்தால் வேறுபாடு தெரியும். ஒன்று கடல்; மற்றது, நல்ல மழை பெய்த ஆண்டானால், கால்நடை குடிக்கக்கூடிய அளவுக்கு மென்மையானது. அதே பாலத்துக்கு ஆவணியில் போனால் ஏரிப்பக்கத்து நீர் கடலைவிடக் கரித்திருக்கக்கூடும். ஆவியான நீர் போய்விட, உப்பு மட்டும் தங்கிவிடுவதால் வரும் நிலை இது.

வல்லை வெளியையும் அப்படித்தான் இருமுறை பார்க்க வேண்டும். பருத்தித்துறை வீதியில் அச்சுவேலிச் சந்தியைத் தாண்டியதும் மரங்கள் திடீரென்று நின்றுவிடும். மார்கழியில் வீதியின் இரு ஓரமும் நீர் தளும்பும். சோளகம் வீசும் ஆனி, ஆடியில் அதே இடம் வெடித்த சேறும் உமரிச் செடியும் வெள்ளைப் படிவுமாக இருக்கும். எதிர்காற்றில் சைக்கிள் மிதித்தவர்களுக்கு அந்த வெளியை மறக்க முடியாது.

உப்பாறு இவற்றுள் சிறியது. 26 சதுர கிலோமீற்றர் அளவு. வாதரவத்தைப் பக்கத்தில் வடமராட்சிக் கடல்நீரேரியின் தாழ்நிலத்தோடு தொடர்புபட்டு, தென்மேற்காக இறங்கி, வலிகாமத்தின் கோப்பாய்க் கரைக்கும் தென்மராட்சியின் கைதடிக் கரைக்கும் நடுவே வந்து, செம்மணி வெளியைத் தழுவிக்கொண்டு, அரியாலைக்கும் நாவற்குழிக்கும் இடையே யாழ்ப்பாணக் கடல்நீரேரியில் சேர்கிறது. நாவற்குழிப் பாலத்தைக் கடந்து யாழ்ப்பாண நகரத்துக்குள் நுழையும் ஒவ்வொருவரும் அறிந்தோ அறியாமலோ இந்த வாயைத்தான் கடக்கிறார்கள்.

ஆக இணைப்பை இப்படிச் சொல்லலாம். வடகடலிலிருந்து தொண்டைமானாற்று வாய். அதன் வழி வடமராட்சிக் கடல்நீரேரி. அங்கிருந்து தாழ்நிலம் வழியாக உப்பாறு. உப்பாற்றின் வழி யாழ்ப்பாணக் கடல்நீரேரி. அதன் கிழக்கு நுனியில் ஆனையிறவு. அதற்கப்பால் சுண்டிக்குளம் வழியாக வங்கக் கடல். இது ஏறத்தாழ ஒரு முழு வளையம். அந்த வளையத்தில் இயற்கையாக மூடியிருந்த ஒரே இடைவெளி, ஆனையிறவுக் கடல்நீரேரிக்கும் வடமராட்சிக் கடல்நீரேரிக்கும் நடுவே முள்ளியானில் உள்ள சில கிலோமீற்றர் தாழ்ந்த மணல் நிலம். ‘யாழ்ப்பாணத்துக்கு ஓர் ஆறு’ என்று புகழ்பெற்ற திட்டத்தின் உயிர்நாடி அந்த இடைவெளியே.

அந்தத் திட்டத்தைச் சொல்வதற்கு முன் கிணறுகளைப் பற்றிச் சொல்ல வேண்டும். கடல்நீரேரியின் உப்பு யாரைப் பாதிக்கிறது என்பது கிணற்றில்தான் தெரியும். சுண்ணக்கல்லுக்குள் இறங்கிய மழைநீர், அதற்கடியில் ஏற்கெனவே ஊறியிருக்கும் கடல்நீரின் மேல், பாரம் குறைந்ததால், மிதக்கிறது. நடுவில் தடித்தும் கரையோரங்களில் மெலிந்தும் இருக்கும் இந்த மிதப்பை நன்னீர் வில்லை என்பார்கள். கடல் மட்டத்துக்கு மேல் நன்னீர் ஒரு மீற்றர் உயர்ந்து நின்றால் அதற்குக் கீழே ஏறத்தாழ 40 மீற்றர் வரை நன்னீர் இருக்கும் என்பது கணக்கு. கணக்கின் மறுபக்கம்தான் அச்சம் தருவது: மேலே ஒரு சாண் நீரை அதிகமாக இறைத்தால் கீழே உப்பு நாற்பது சாண் மேலேறப் பார்க்கும். புத்தூருக்கு அருகே உள்ள நிலாவரைக் கிணற்றில் மேல்நீர் நன்னீராகவும் ஆழத்து நீர் உப்பாகவும் இருப்பது, இந்த அடுக்கைத் திறந்து காட்டும் இயற்கையின் சான்று. துலாவால் இறைத்த காலத்தில் மனிதனின் கைவலியே இறைப்புக்கு எல்லையாக இருந்தது. நீர் இறைக்கும் இயந்திரம் வந்தபின் அந்த எல்லை போயிற்று.

கடல்நீரேரிகள் குடாநாட்டின் நடுவயிற்றில் கிடப்பதால், அவற்றில் உள்ள உப்புநீர் கரையோரக் கிணறுகளை வெளிப்பக்கத்துக் கடலைப் போலவே உட்பக்கத்திலிருந்தும் அரிக்கிறது. மாறாக, ஏரிகளில் நன்னீர் நின்றால் அது வில்லையை உட்பக்கத்திலிருந்து தாங்கும். உவர் ஏறிய வயல்களும் காலப்போக்கில் மீளும். நீர்ப்பாசனப் பொறியியலாளர் எஸ். ஆறுமுகம் 1954இல் முன்வைத்த திட்டத்தின் அடிப்படை இதுவே. தொண்டைமானாற்று வாயிலும் அரியாலையில் உப்பாற்று வாயிலும் கதவுள்ள தடுப்பணைகள். ஆனையிறவுத் தாம்போதியின் திறப்புகளையும் சுண்டிக்குளம் வாயையும் அடைத்து, மிகை வெள்ளம் வழிந்தோட மட்டும் வான் என்னும் திறப்பு. அங்கே தேங்கும் கனகராயன் ஆற்று நீரை முள்ளியானில் ஏறத்தாழ 4 கிலோமீற்றர் வாய்க்கால் வெட்டி வடமராட்சிக் கடல்நீரேரிக்குத் திருப்புதல். அங்கிருந்து உப்பாற்றுக்கு விடுதல். வன்னியின் ஆறு, குடாநாட்டின் நடுவே ஓடி அரியாலைவரை வந்துவிடும். ஏற்கெனவே இருக்கும் பள்ளங்களையே வழியாகக் கொண்ட இந்தச் சிந்தனையின் எளிமையை நான் இன்றும் வியக்கிறேன்.

இவற்றுள் தொண்டைமானாற்றுத் தடுப்பணை, இந்தத் திட்டம் முன்வைக்கப்படுவதற்குச் சற்று முன்பே, 1950களின் தொடக்கத்தில் அமைந்துவிட்டது. அரியாலைத் தடுப்பணை அதைத் தொடர்ந்தது. ஆனையிறவு, சுண்டிக்குளம் வேலைகள் நடந்தும் நிலைக்கவில்லை. முள்ளியான் வாய்க்கால் பாதி வெட்டப்பட்ட நிலையில் நிதி இல்லாமல் நின்றது. தடுப்பணைகளின் மரப்பலகைக் கதவுகள் உக்கின. பின்னர் போர் வந்தது. அணை இருந்தும் நீர் இருபக்கமும் ஒழுகிய ஆண்டுகள் பல. போருக்குப் பின் தடுப்பணைகள் திருத்தப்பட்டன. மழை குறைவதற்குள் கதவை மூடிவிட்டால் ஏரியின் உப்புக் குறைவதை இப்போது கண்ணாரக் காணலாம். இரணைமடு நீரை யாழ்ப்பாணத்துக்குக் குழாயில் கொண்டுவரும் எண்ணம் கிளிநொச்சி விவசாயிகளின் நியாயமான எதிர்ப்பைச் சந்தித்த பிறகு, குடிநீருக்கு வழியாகத் தாளையடியில் நாளொன்றுக்கு 24,000 கனமீற்றர் கடல்நீரை நன்னீராக்கும் நிலையம் கட்டப்பட்டு 2024இல் திறக்கப்பட்டது.

இதில் என் கருத்தை மறைக்க விரும்பவில்லை. கடல்நீரேரியை முழுமையான நன்னீர்த் தேக்கமாக்கலாம் என்று பேசுபவர்கள் இரண்டைக் குறைத்து மதிப்பிடுகிறார்கள். முதலாவது ஆவியாதல். பரந்த, ஆழமற்ற பாத்திரத்தில் வைத்த நீர் கோடை முடியும்வரை நிற்காது. நிற்கிற மாதங்களில் நிலத்தடி நீரைத் தாங்குவதே அதன் பெரும்பயன், குழாயில் குடிநீராக வருவது அன்று. இரண்டாவது மீன்பிடி. இறால் வெளிக்கடலில் முட்டையிடுகிறது. குஞ்சுகள் வாய்கள் வழியே ஏரிக்குள் வந்து, உவர்நீரில் வளர்ந்து, மீண்டும் கடலுக்குப் போகின்றன. கதவை ஆண்டு முழுவதும் இறுக்கி மூடினால் அந்தச் சுற்று அறுந்துவிடும். களங்கண்டி என்னும் மீன்பிடி வேலி கட்டியும் வீச்சு வலை எறிந்தும் பிழைக்கும் குடும்பங்களுக்கு ஏரியின் உப்பு ஒரு குறைபாடு அன்று. அதுதான் அவர்களின் வயல். ஆகவே மாரியின் முதல் வெள்ளத்தில் கதவைத் திறந்து பழைய உப்பைக் கழுவி வெளியேற்றி, மழை ஓயும் தறுவாயில் மூடி, இறால் குஞ்சு ஏறும் காலத்தில் அளவோடு திறந்து என்று, கமக்காரரையும் கடற்றொழிலாளரையும் ஒரே மேசையில் இருத்தி நாட்காட்டி வகுத்துக் கதவை இயக்குவதே சரி. ஒரு தரப்பிடம் மட்டும் கேட்டுக் கதவைப் பூட்டினால், மறுதரப்பு இரவில் வந்து பலகையைக் கழற்றத்தான் செய்யும்.

கடைசியாகப் படகுப் பயணம். மனிதர்கள் இந்த நீரை வழியாகப் பயன்படுத்தியதற்குக் குறைவில்லை. 1990களின் முற்பகுதியில் ஆனையிறவுப் பாதை மூடப்பட்டிருந்தபோது, கிளாலியிலிருந்து பெரிய ஏரியைக் குறுக்கே கடந்து பெருநிலத்துக்குப் போன படகுகளில் ஆயிரக்கணக்கானோர் இரவிரவாகப் பயணம் செய்தார்கள். கரை சேராமல் அந்த நீரிலேயே உயிர்விட்டவர்களும் பலர். கேரதீவையும் சங்குப்பிட்டியையும் இணைத்து 2011இல் திறந்த பாலத்தின் மேல் இன்று சில நிமிடங்களில் கடந்துவிடும் அதே ஏரி அது. ஆனால் நீங்கள் கேட்ட பாதை, தொண்டைமானாற்றிலிருந்து உள்வழியாக அரியாலைக்கு, இன்று படகுக்கு உரியதன்று. புறப்படும் இடத்திலும் சேரும் இடத்திலும் தடுப்பணைக் கதவுகள். இடையில் வல்லைப் பாலமும், புத்தூரிலிருந்து மீசாலைக்குப் போகும் வீதியும், கோப்பாயிலிருந்து கைதடிக்குப் போகும் வீதியும் குறுக்கே நிற்கின்றன. கோடையில் நடுப்பகுதியில் நீரே இராது. நல்ல மழை பெய்த மார்கழியில், இரு அணைகளுக்கும் உட்பட்ட நீரில், ஒரு சிறு வள்ளத்தை வல்லையிலிருந்து வாதரவத்தைப் பக்கமாகக் கோல் ஊன்றித் தள்ளிக்கொண்டு போய்ப் பார்க்கலாம். வாதரவத்தைத் தாழ்நிலத்தில் வள்ளத்தின் அடி சேற்றில் தட்டும். அவ்விடத்தில் இறங்கி முழங்கால் நீரில் அதை இழுத்துக்கொண்டு நடக்க வேண்டியிருக்கும். தொண்டைமானாற்று நீரும் உப்பாற்று நீரும் சந்திக்கும் இடத்தில் அப்போது நிற்பீர்கள்.